மனசைப் பிடிக்கும் கல்

போன வாரம் கோயமுத்தூரிலிருந்து பேரன் வந்திருந்தான். ஏதோ ஒரு கற்பனைக் கதைப் புத்தகம் படித்துக்கொண்டிருந்தான். அதில் வரும் ஒரு கல், கையில் எடுத்தவன் மனசுக்குள் புகுந்து ஆட்டி வைக்குமாம். "தாத்தா, நிஜத்தில் அப்படி ஒரு கல் இருக்கா?" என்று கேட்டான். "இருக்குடா, நம்ம பந்தலூரிலேயே இருக்கு" என்றேன். அவன் சிரித்தான். நான் விளையாட்டாகச் சொல்லவில்லை.

கூடலூர், தேவாலா, பந்தலூர் பக்கம் தெரிந்த அன்பர்களுக்கு அங்குள்ள வெள்ளைக்கல்லும் தெரிந்திருக்கும். உடைத்தால் சில சமயம் உள்ளே மஞ்சளாக ஒரு மினுக்கம் தெரியும். அதுதான் தங்கம். வயநாட்டு ஓடைகளிலும், கீழே நிலம்பூர் ஆற்றிலும் மணலை அரித்துத் தங்கம் எடுப்பது பழங்காலத்திலிருந்தே உண்டு. அரித்தவர்களுக்கு அது கூலிக்குத்தான் கட்டியது. யாரும் பணக்காரர் ஆகவில்லை.

தென்கிழக்கு வயநாடு மலபாரிலிருந்து பிரிந்து நீலகிரியோடு சேர்ந்தது 1877ல். அப்போது இங்கே காப்பித் தோட்டங்கள்தான். தண்டுத் துளைப்பான் பூச்சியும் இலை நோயும் தோட்டத்துரைமார்களைக் கடனில் தள்ளியிருந்தன. அந்த நேரம் பார்த்து, ஆஸ்திரேலியாவில் விக்டோரியா மாகாணத்தின் சுரங்கத் துறைச் செயலாளராக இருந்த பிரஃப் ஸ்மித் என்பவரை 1879ல் அரசு வரவழைத்தது. அவருடைய அறிக்கை மிகவும் நம்பிக்கையூட்டுவதாக இருந்தது. உடனே லண்டனில் காய்ச்சல் பிடித்துக்கொண்டது. 1880, 81ல் மட்டும் முப்பதுக்கு மேற்பட்ட கம்பெனிகள் வயநாட்டுத் தங்கத்துக்காகத் தொடங்கப்பட்டன. காகிதத்தில் அவற்றின் மூலதனம் சுமார் 40 லட்சம் பவுன். இந்த மலையைக் கண்ணால் பாராதவர்களெல்லாம் பங்கு வாங்கினார்கள்.

அந்தப் பணத்தில் பெரும்பகுதி பூமிக்குள் இறங்கவே இல்லை. கம்பெனி தொடங்கியவர்களுக்கும், நொடித்துப்போன காப்பித் தோட்டங்களைப் பல மடங்கு விலைக்கு விற்றவர்களுக்கும் போய்விட்டது. மிச்சத்தில் பாறை இடிக்கும் இயந்திரங்கள் வாங்கி மாட்டு வண்டிகளில் மலைக்கு ஏற்றினார்கள். பந்தலூரில் ஓட்டல், தபால் ஆபீஸ், பங்களாக்கள் எல்லாம் முளைத்தன. குதிரைப் பந்தயம்கூட நடந்தது என்று எங்கள் ஊர்ப் பெரியவர்கள் சொல்லிக் கேட்டிருக்கிறேன். கடைசியில், ஒரு டன் பாறையை இடித்தால் சில கிராம் தங்கம்தான் கிடைத்தது. மழையும் மலேரியாவும் வேறு. சில வருஷங்களுக்குள் ஒவ்வொன்றாக மூடிவிட்டுப் போனார்கள். பாக்கி நின்றவை சுரங்க வாய்கள் மட்டுமே.

இதே காய்ச்சல் கோலாரிலும் அடித்தது. அங்கே உண்மையாகவே செழும்பாறை அகப்பட்டு, 2001 வரை சுரங்கம் ஓடியது. ஒரு இடத்தில் பலித்துவிட்டால் போதும், மற்ற இடத்தில் தோற்றவனுக்கும் ஆசை விடாது.

எப்படி விடாது என்பதை என் கதையிலிருந்தே சொல்கிறேன்.

1964ல் சிறிமாவோ – சாஸ்திரி ஒப்பந்தம் வந்தது. இலங்கையிலிருந்து திரும்பியவர்களுக்காக 1968ல் அரசுத் தேயிலைத் தோட்டங்கள் ஆரம்பமாயின. நான் பந்தலூர் பக்கம் வாத்தியார் வேலைக்குப் போனபோது, என் வகுப்பில் பாதிப் பிள்ளைகள் அந்த லயத்துப் பிள்ளைகள்தான். அவர்களில் ஒருவனின் அப்பா மாத்தளைப் பக்கம் பிறந்தவர், நல்ல உழைப்பாளி. மழை மாதங்களில் வேலை குறையும்போது பழைய சுரங்கங்களில் இறங்கி வெள்ளைக்கல் எடுப்பார். அதை இடித்து, மாவாக்கி, மரத்தட்டில் அலசி, பாதரசம் சேர்த்து உருட்டுவார்கள். பிறகு சூடு காட்டினால் பாதரசம் புகையாகப் போய்த் துளித் தங்கம் நிற்கும். சட்டப்படி அது குற்றம். எனக்கும் தெரியும்.

ஒரு நாள் அவர் ஒரு கல்லைக் கொண்டுவந்து காட்டினார். "சார், புதுசா ஒரு கோடு தெரியுது. ஐந்நூறு ரூபா இருந்தா குழிக்கு மரம் முட்டுக் கொடுத்து இறங்கிடலாம். உங்களுக்கும் ஒரு பங்கு" என்றார். கல்லைக் கையில் வாங்கினேன். அன்று ராத்திரி எனக்குத் தூக்கமில்லை. வீட்டில் சொல்லாமல் மறுநாளே பணத்தைக் கொடுத்தேன்.

ஆடி மாத மழையில் குழியின் வாய் சரிந்தது. மரம் முட்டுக் கொடுக்கும் முன்பே அவர் இறங்கிவிட்டிருந்தார். ஆட்கள் தோண்டி உயிரோடு எடுத்துவிட்டார்கள். ஆனால் இடது கால் போய்விட்டது.

இரண்டு வாரம் கழித்து அவர் மனைவி கொழுந்துக் கூடையோடு என் வாசலில் வந்து நின்றார். முந்தானையிலிருந்து ஒரு காகிதப் பொட்டலத்தை எடுத்து, "உங்க பங்கு சார். அதுக்கு முன்னாடி எடுத்த கல்லுல வந்தது" என்றார். "அவர் கால் எப்படி இருக்கு?" என்று கேட்பதற்கு முன், பொட்டலத்தின் கனத்தை என் கை தூக்கிப் பார்த்துவிட்டது. அந்த அம்மாள் அதைக் கவனித்தார். ஒன்றும் சொல்லவில்லை.

பொட்டலத்தை அப்போதே அவர் கையில் திருப்பிக் கொடுத்தேன். பையனின் படிப்புக்கு என்னால் ஆனதைச் செய்தேன். ஆனால் அந்த ஒரு நொடிக்கு நான் என்ன செய்து கணக்குத் தீர்ப்பது? லண்டனில் உட்கார்ந்து பங்கு வாங்கியவனும் நானும் ஒன்றுதான். குழிக்குள் இறங்கியவர்கள் வேறு யாரோ.

தேவாலாப் பக்கம் இன்றும் திருட்டுத்தனமாகக் குழி தோண்டுகிறார்கள். மண் சரிந்து செத்தவர்களும் உண்டு. அந்தப் பக்கம் உறவுக்காரர்கள் உள்ள அன்பர்கள் உங்கள் வீட்டுப் பையன்களிடம் இந்தக் கதையைச் சொல்லுங்கள். குழி தோண்டப் பணம் கேட்டு யாராவது வந்தால், கல்லைக் கையில் வாங்காமலே அனுப்பிவிடுங்கள்.

பேரனிடம் இதையெல்லாம் சொல்லி முடித்தேன். கொஞ்ச நேரம் சும்மா இருந்துவிட்டு, "தாத்தா, அந்தக் கல் உங்ககிட்ட இருக்கா?" என்று கேட்டான்.