மலாயாவில் மணி மாறிய வரலாறு

காலத்தை அளக்க முற்பட்டால் அக்காலமே மாறிவிடும் என்றொரு கோட்பாடு கற்பனைக் கதைகளில் வருவதுண்டு. அளவுகோல் பட்டதும் அளக்கப்படும் பொருள் தன் இயல்பை இழந்துவிடுமாம். அறிவியலார் இதைக் கேட்டு நகைக்கக்கூடும். ஆயினும், மலாயாவில் வாழ்ந்த நம் முன்னோர்க்கு இது வெறுங்கதையன்று. 1901 தொடங்கி 1982 வரை தீபகற்பத்தின் கடிகாரங்கள் ஏழு முறை மாற்றி வைக்கப்பட்டன. கதிரவன் தன் வழியே சென்றான். மணிதான் இடம் பெயர்ந்தது.

முன்பு ஒவ்வோர் ஊருக்கும் அதனதன் நண்பகலே பன்னிரண்டு மணி. ஒரு பாகைத் தொலைவைக் கடக்கக் கதிரவனுக்கு நான்கு நிமிடம் ஆகும். எனவே, சிங்கப்பூரில் நண்பகலாகி ஏறத்தாழ ஒன்பது நிமிடம் சென்ற பின்னரே கோலாலம்பூரில் நண்பகல் ஆயிற்று. மாட்டு வண்டியில் செல்வோர்க்கு இதனால் இடர் ஒன்றுமில்லை. தந்திக்கும் இருப்புப்பாதைக்கும் அஃது ஒத்துவரவில்லை. 1901 சனவரி முதல் நாளன்று கூட்டரசு மலாய் மாநிலங்கள் சிங்கப்பூரின் நேரத்தை ஏற்றன. அந்நேரம் கிரீன்விச்சைவிட 6 மணி 55 நிமிடம் 25 வினாடி முந்தியது. 1905 சூன் முதல் நாளன்று அது முழுதாய் 7 மணி ஆக்கப்பட்டது. கூடியது ஐந்து நிமிடத்திற்கும் குறைவே. ஃபோர்ட் கேனிங் குன்றின் நேரக்கோளம் பிற்பகல் ஒரு மணிக்கு விழுவதைப் பார்த்துத் தம் பொறிகளைச் சரிசெய்த மாலுமிகளைத் தவிர, வேறு எவருக்கும் அஃது உறைத்திராது.

1933இல் வந்த மாற்றம் வேறு வகையினது. அவ்வாண்டின் முதல் நாளன்று கடிகாரங்கள் 20 நிமிடம் முன்னே தள்ளப்பட்டன. அரைமணி நேரம் கூட்டலாம் என்று 1920இலேயே எழுந்த யோசனை அப்போது நிறைவேறவில்லை. அலுவல் முடித்து வருவோர்க்கு மாலையில் விளையாடவும் உலாவவும் வெளிச்சம் வேண்டும் என்பதே நோக்கம். நல்ல நோக்கந்தான். ஆனால், மாலையில் கூடிய வெளிச்சம் எங்கிருந்து எடுக்கப்பட்டது? நாளின் நீளத்தைச் சட்டத்தால் கூட்ட முடியாது. காலையிலிருந்துதான் அதை எடுத்தாக வேண்டும்.

அந்தக் காலையோ தோட்டத் தொழிலாளருடைய பொழுது. விடியுமுன் பெரட்டுக் களத்தில் ஆள் கணக்கெடுத்து முடித்துவிடுவர். ரப்பர் மரத்தில் பால் நன்றாக வடிவது விடியற்காலைக் குளிர்ச்சியில்தான். வெயில் ஏற ஏற மரத்தின் உள்ளழுத்தம் தளர்ந்து பால் குறைந்துவிடும். மரம் சீவுவோர்க்கு உண்மையான கடிகாரம் மரமே எனலாம். சுவர்க் கடிகாரத்தை முன்னே தள்ளிவிட்டுப் பெரட்டு மணியை மட்டும் பழைய எண்ணிலேயே வைத்தால், மேலும் 20 நிமிடம் இருளில் நிற்பதன்றி வேறு பயன் இல்லை. 1941 செப்டம்பரில் இன்னுமொரு பத்து நிமிடம் கூட்டப்பட்டது. கணக்கு ஏழரை மணியாயிற்று.

ஐந்து மாதங்களில் சிங்கப்பூர் வீழ்ந்தது. 1942 பிப்ரவரி 15ஆம் நாள் பிரிட்டிஷார் சரணடைந்தனர்; தோக்கியோவின் நேரம் உடனே நடைமுறைக்கு வந்தது. ஒரே தாவலில் ஒன்றரை மணி! சப்பானின் நேரத்திற்கு அடிப்படையான 135ஆம் பாகைத் தீர்க்கரேகை சிங்கப்பூருக்குக் கிழக்கே 31 பாகைத் தொலைவில் உள்ளது. அந்தக் கணக்கின்படி, அம்மாதத்தில் சிங்கப்பூரில் கதிரவன் எழுந்தது காலை எட்டேகால் மணியளவில். ஊருக்குச் சியோனான் என்று பெயர். ஆண்டுக்கு 2602 என்று எண். இடத்தின் பெயரையும் ஆண்டின் எண்ணையும் நாளின் மணியையும் ஒருசேர மாற்றிய ஆட்சி இந்நிலத்தில் அதற்கு முன் இருந்ததில்லை. 1945 செப்டம்பர் 12ஆம் நாள் சப்பானியர் முறைப்படி சரணடைந்தபோது மணியும் ஏழரைக்கே திரும்பியது.

எஞ்சிய அரைமணியை நம்மிற் பலரும் நேரில் கண்டிருக்கிறோம். சபாவும் சரவாக்கும் எட்டு மணிக் கணக்கில் இருந்தன; நாடு முழுதும் ஒரே நேரம் வேண்டும் என்று தீபகற்பம் அவற்றோடு இணைந்தது. சிங்கப்பூரும் உடன் மாறியது. 1981 திசம்பர் 31ஆம் நாள் இரவு பதினொன்றரை மணி ஆனதும் பன்னிரண்டு என்று வைத்துக்கொண்டோம். அந்த ஆண்டின் கடைசி அரைமணி நேரம் எவருக்கும் கிட்டவில்லை. அன்றுமுதல் கோலாலம்பூரில் கதிரவன் உச்சிக்கு வருவது சராசரியாகப் பிற்பகல் 1 மணி 13 நிமிடத்திற்கு. பள்ளிப் பிள்ளைகள் இருட்டில் கிளம்புவதேன் என்று வினவும் மாணவர்க்கு இதையே விடையாகச் சொல்லி வருகிறேன்.

மணி மாறினால் என்ன, எல்லாருக்கும் ஒருசேரத்தானே மாறுகிறது என்று கேட்கலாம். நம் முன்னோர் நாளைக் கதிரவன் உதயத்திலிருந்து தொடங்கினர். 24 நிமிடம் ஒரு நாழிகை. அறுபது நாழிகை ஒரு நாள். இந்தக் கணக்கில் சட்டம் கைவைக்க இயலாது. ஆனால், பிறந்த நேரத்தைக் கடிகாரம் பார்த்துக் குறித்துவிட்டு, அதை நாழிகைக்கு மாற்ற வரும்போது இடர் தொடங்குகிறது. ஓர் இலக்கினம் ஏறத்தாழ ஐந்து நாழிகை நிற்பது. தோக்கியோ மணியால் நேரும் பிழை மூன்றே முக்கால் நாழிகை. சோதிடத்தை நம்புவோர்க்கு இது சிறு பிழையன்று. நம்பாத எனக்கும் இது வரலாற்றுச் சான்று பற்றிய நல்லதொரு வினாவாகவே படுகிறது.

சில ஆண்டுகளுக்கு முன் முதியவர் ஒருவர் பழைய தாளொன்றுடன் என்னிடம் வந்தார். 1943ஆம் ஆண்டு, தை மாதம், வெள்ளிக்கிழமை, காலை ஏழரை மணி எனத் தம் தந்தையார் குறித்து வைத்த பிறந்த நேரம். அது தோக்கியோ மணியானால், அப்போது பொழுது புலரவில்லை. பஞ்சாங்கப்படி இன்னும் வியாழனே. ஆணையை மதியாது வீட்டுக் கடிகாரத்தைப் பழைய நேரத்திலேயே ஓடவிட்டிருந்தால், கதிரவன் எழுந்துவிட்டான், வெள்ளியே சரி. தந்தையார் எந்த மணியை எழுதினார் என்று சொல்ல இன்று எவரும் இல்லை. இரண்டு கணக்கும் போட்டுத் தந்தேன். முதியவர் தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, "அப்பா சப்பான்காரன் சொன்னதைக் கேட்கிற ஆளில்லை, சார்" என்றார்.