உதகையில் எழுதிய விதிகள்

ஸ்நூக்கரைத் தொலைக்காட்சியில் காணும் நம்மவர் பலர் அதனை முழுக்க முழுக்க இங்கிலாந்தின் ஆட்டம் என்றே எண்ணுகின்றனர். கறுப்பு அங்கியும் கழுத்துப்பட்டையும் அணிந்து, கோலைத் தாங்கி நிற்கும் ஆட்டக்காரர்களைக் கண்டால் அவ்வாறு எண்ணத்தான் தோன்றும். ஆனால் அதன் விதிகள் எழுத்து வடிவம் பெற்று ஒரு சுவரில் ஒட்டப்பட்டது நீலகிரி மலைமேல், உதகமண்டலம் கிளப்பின் பில்லியர்ட்ஸ் அறையில். ஆண்டு 1882. எழுதியவர் நெவில் சேம்பர்லின் என்னும் படை அதிகாரி. பின்னாளில் இங்கிலாந்தின் பிரதமரான சேம்பர்லின் வேறொருவர்.

ஆட்டம் பிறந்தது உதகையில் அன்று, ஜபல்பூரில். 1875ஆம் ஆண்டின் மழைக்காலத்தில், டெவன்ஷயர் படைப்பிரிவின் உணவு விடுதியில், பொழுதுபோகாத இளம் அதிகாரிகள் பழைய பந்தய ஆட்டங்களோடு வண்ணப் பந்துகளைச் சேர்த்து விளையாடிப் பார்த்தனர். முதலாண்டு மாணவனை ஏளனமாகச் சுட்ட 'ஸ்நூக்கர்' என்னும் சொல் அப்போது இங்கிலாந்தின் வுல்விச் படைப்பள்ளியில் வழங்கிவந்தது. எளிய பந்து ஒன்றைப் பையில் வீழ்த்தத் தவறிய நண்பனை சேம்பர்லின் அச்சொல்லால் அழைத்தார். பின்னர், இவ்வாட்டத்துக்கு நாம் அனைவருமே ஸ்நூக்கர்கள்தாம் என்று கூறிச் சமாதானம் செய்தார். வசைச்சொல் ஆட்டத்தின் பெயராயிற்று.

இலக்கியம் முன்னது, இலக்கணம் பின்னது என்பது தமிழ் கற்றோர் அறிந்த முறைமை. ஜபல்பூரில் நிகழ்ந்ததை இலக்கியம் என்றால், உதகையில் நிகழ்ந்ததை இலக்கணம் எனலாம். ஆப்கானியப் போரில் காயமுற்ற சேம்பர்லின், சென்னைப் படையின் தலைமைத் தளபதி பிரெடெரிக் ராபர்ட்ஸின் பணியாளர் குழுவில் சேர்ந்து, கோடைகளை உதகையில் கழித்தார். அங்கேதான் வாய்மொழி வழக்கு வரையறை பெற்றது. நாம் வாழும் நெய்வேலிக்கும் இதே கதைதான். 1930களில் ஜம்புலிங்க முதலியாரின் நிலத்தில் கிணறு தோண்டியபோது கரிய பொருள் வெளிவந்தது. அது தொழிலாக உருப்பெற 1956இல் ஒரு நிறுவனம் தோன்ற வேண்டியிருந்தது. கண்டது ஒரு நாள், ஒழுங்கு பெற்றது வேறொரு நாள்.

1885இல் இந்தியா வந்த பில்லியர்ட்ஸ் வீரர் ஜான் ராபர்ட்ஸ், கல்கத்தாவில் சேம்பர்லினைச் சந்தித்து ஆட்டத்தைக் கேட்டறிந்து, இங்கிலாந்துக்குக் கொண்டுசென்றார். தொழில்முறை உலகப் போட்டி 1927இல் தொடங்கிற்று. அதனை நடத்த முன்னின்ற ஜோ டேவிஸே முதல் வெற்றியாளரும் ஆனார். 1946 வரை பதினைந்து முறை வென்று, தோல்வி காணாமலே விலகினார். அதன்பின் மக்களின் ஆர்வம் குன்றியது. 1957க்குப் பின் 1964 வரை உலகப் போட்டியே நடைபெறவில்லை.

ஆட்டத்தை மீட்டது அழைப்புப் போட்டி. 1969இல் பிபிசியின் இரண்டாம் அலைவரிசை வண்ணத் தொலைக்காட்சியைப் பரப்ப விரும்பியது. எட்டுத் தொழில்முறை வீரர்களை அழைத்து 'பாட் பிளாக்' என்னும் போட்டியை நடத்தியது. பந்துகளின் நிறங்களே ஆட்டத்தின் பொருளாக அமைந்ததால் வண்ணத்திரைக்கு அதைவிடப் பொருத்தமான காட்சி இல்லை. ஜபல்பூரில் விளையாட்டாகச் சேர்த்த நிறங்கள் தொண்ணூற்று நான்கு ஆண்டுகளுக்குப் பின் ஆட்டத்துக்கு உயிர் கொடுத்தன. 1975இல் லண்டனில் பத்து வீரர்களை அழைத்து 'மாஸ்டர்ஸ்' தொடங்கிற்று. ரே ரியர்டனை ஜான் ஸ்பென்சர் 9-8 என்று வென்ற அந்த இறுதியாட்டம், மீண்டும் வைக்கப்பட்ட ஒற்றைக் கறுப்புப் பந்தினால் முடிவாயிற்று. இன்றும் மாஸ்டர்ஸில் தரவரிசைப் புள்ளிகள் இல்லை; முதல் பதினாறு பேருக்கே அழைப்பு. அழைக்கப்படுவதே பெருமை.

அழைப்பு என்னும் சொல்லிடத்து நாம் சற்று நிற்க வேண்டும். அழைப்பவன் ஒருவன் இருந்தால், வாயிலுக்கு வெளியே நிற்பவனும் ஒருவன் இருப்பான். விதிகள் எழுதப்பெற்ற அக்காலத்தில் உதகை கிளப் ஆங்கிலேயர்க்குரிய இடம். அத்தகைய மன்றங்களில் மேசையருகே நின்று புள்ளி குறித்த 'மார்க்கர்' பெரும்பாலும் இந்தியப் பணியாளர். ஆட்டத்தின் நுட்பமெல்லாம் அவர் அறிந்திருக்கக் கூடும். கோலெடுத்து உறுப்பினருக்குச் சமமாக ஆடும் உரிமை அவருக்கில்லை. ஆகவே, ஸ்நூக்கர் தமிழ்மண்ணின் கொடை என்று மார்தட்டுவோர் ஒன்றை எண்ணிப் பார்க்க வேண்டும். மண் நம்முடையது, அறை நம்முடையதாக இருக்கவில்லை.

விடுதலைக்குப் பின் கதவுகள் மெல்லத் திறந்தன. உலக அமெச்சூர் ஸ்நூக்கர் போட்டி முதன்முதலில் 1963இல் கல்கத்தாவில் நடைபெற்றது. 1984இல் டப்ளினில் ஓம் அகர்வால் அப்பட்டத்தை வென்றார். தொழில்முறைத் தரவரிசைப் போட்டியான இந்தியன் ஓப்பன் 2013இல் டில்லிக்கு வந்தது; ஆதித்ய மேத்தா இறுதிவரை சென்று டிங் ஜுன்ஹுயியிடம் தோற்றார். அடுத்து மும்பை, ஐதராபாத், விசாகப்பட்டினம், 2019இல் கொச்சி என அப்போட்டி ஊர் ஊராகச் சென்றது. விதிகள் எழுதப்பெற்ற மாநிலத்துக்கு மட்டும் அது வரவில்லை.

போட்டி வராவிடினும் ஆட்டம் வந்து சேர்ந்துவிட்டது. 2025 நவம்பரில் தோகாவில் நடைபெற்ற ஐபிஎஸ்எப் உலகப் பெண்கள் ஸ்நூக்கர் போட்டியின் இறுதியில், ஹாங்காங்கின் இங் ஆன்-யீயை 3-2 என வென்று சென்னையைச் சேர்ந்த அனுபமா ராமச்சந்திரன் பட்டம் பெற்றார். உதகைச் சுவரில் விதிகளை ஒட்டிய அதிகாரி, ஒரு தமிழ்நாட்டுப் பெண் அவற்றின்படி ஆடி உலகை வெல்வாள் என்று எண்ணியிருக்க மாட்டார். இலக்கணம் எழுதியவனுக்கே மொழி உரியதாவதில்லை. அதில் பேசுவோர்க்கும் எழுதுவோர்க்கும் உரியதாகிறது. ஆட்டமும் அவ்வாறே. உதகைமேல் நமக்குள்ள உரிமை 1882ஆல் வந்ததன்று, 2025ஆல் வந்தது.