வானொலியில் வந்த வீரமும் கோட்டையில் இறங்கிய கொடியும்

துணிவு, நன்னடத்தை, தொண்டு ஆகிய மூன்றையும் பற்றித் தலைவர்கள் சொன்ன நல்ல மொழிகளைத் தொகுத்துப் பேசுங்கள் என்று என்னிடம் கேட்டுக்கொண்டார்கள். காந்தியடிகள், நேரு, நேதாஜி என்று மூவரை எடுத்துக்கொண்டால் போதும், நேரம் போய்விடும். நம் பிள்ளைகள் பேச்சுப் போட்டிகளில் அதைத்தான் செய்கிறார்கள். நான் அந்த வழியில் போகவில்லை. பினாங்கில் இருந்துகொண்டு பேசுகிறேன். இந்த ஊரில் தலைவர்களின் சொல் எப்படிச் சோதிக்கப்பட்டது என்பதைச் சொன்னால் போதும் என்று நினைக்கிறேன்.

1941 டிசம்பர் 11-ஆம் தேதி ஜப்பானிய விமானங்கள் ஜார்ஜ்டவுன் மீது குண்டு வீசின. வீட்டில் பெரியவர்கள் சொல்ல நீங்களும் கேட்டிருப்பீர்கள். விமானச் சத்தம் கேட்டதும் மக்கள் ஓடி ஒளியவில்லை. வேடிக்கை பார்க்கத் தெருவுக்கு வந்தார்கள். வெள்ளைக்காரன் இருக்கும்போது நமக்கு என்ன பயம் என்ற எண்ணம். ஆனால் இந்தத் தீவில் விமானத்தைச் சுட்டு வீழ்த்தும் பீரங்கி ஒன்றுகூட இல்லை. கூட்டமாக நின்றவர்கள் மீது குண்டும் விழுந்தது, இயந்திரத் துப்பாக்கியும் பாய்ந்தது. அடுத்தடுத்த நாட்களிலும் தாக்குதல் தொடர்ந்தது. போலீஸ்காரர்கள் வேலைக்கு வரவில்லை, தீயை அணைக்க ஆளில்லை. பிணங்களை எடுத்துப் புதைக்கவும் ஆளில்லாமல் போயிற்று. கடைகளில் கொள்ளை நடந்தது.

இந்த நிலையில் ஆட்சியில் இருந்தவர்கள் என்ன செய்தார்கள்? டிசம்பர் 13-ஆம் தேதி இரவு ஐரோப்பியப் பெண்களையும் குழந்தைகளையும் ஓசைப்படாமல் படகேற்றி அனுப்பினார்கள். இரண்டு மூன்று நாட்களில் மற்ற ஐரோப்பியர்களும் படையினரும் கிளம்பிவிட்டார்கள். சீனர், மலாய்க்காரர், இந்தியர், யுரேஷியர் ஆகியோருக்கு ஒரு வார்த்தை சொல்லவில்லை. காலையில் எழுந்து பார்த்தவர்களுக்குத் துரைகளின் பங்களாக்கள் காலியாக இருந்தன.

போனதைவிட மோசமானது, போன பிறகு பேசியது. சர்ச்சில் அமைச்சரவையின் சார்பில் சிங்கப்பூரில் இருந்தவர் டஃப் கூப்பர். அவர் வானொலியில் பேசும்போது, பினாங்கு மக்களில் பெரும்பாலோரை வெளியேற்றிவிட்டதாகச் சொன்னார். பெரும்பாலோர் இங்கேதான் குண்டு விழுந்த வீதிகளில் நின்றுகொண்டிருந்தார்கள். அவர் கணக்கில் ஐரோப்பியர் மட்டுமே மக்கள்! இந்தப் பேச்சு மலாயா முழுவதும் ஆசியர்களின் மனத்தைப் புண்படுத்தியது. பிரிட்டிஷ் ஆட்சியின் மேல் நம் பாட்டனார்கள் வைத்திருந்த மதிப்பு ஜப்பானியரின் குண்டில் உடைந்ததைவிட அந்த ஒரு பேச்சில் உடைந்தது அதிகம் என்பேன்.

ஆட்சியாளர் போய்விட்டனர், எதிரி இன்னும் வந்து சேரவில்லை. ஜப்பானியப் படை தீவுக்குள் வந்தது டிசம்பர் 19-ஆம் தேதி. இடையில் இருந்த அந்தச் சில நாட்களுக்குப் பினாங்கைத் தாங்கியவர் ஒரு தமிழர்.

அவர் பெயர் மாணிக்கசோதி சரவணமுத்து. நண்பர்களுக்கு 'சாரா'. இலங்கைத் தமிழர், ஆக்ஸ்ஃபோர்டில் படித்தவர், இங்கே 'ஸ்ட்ரெய்ட்ஸ் எக்கோ' ஆங்கில நாளிதழின் ஆசிரியர். கொழும்பில் பி. சாரா ஓவல் என்று கிரிக்கெட் மைதானம் இருக்கிறதே, அது இவருடைய சகோதரர் பாக்கியசோதியின் பெயரில் அமைந்தது. இன்னொரு சகோதரர் கொழும்பு மாநகரின் முதல் மேயர். வசதியான, செல்வாக்கான குடும்பம். ஆனால் 1941 டிசம்பரில் அந்தச் செல்வாக்கால் பினாங்கில் ஒரு பயனும் இல்லை. அவர் கையில் பட்டாளமும் இல்லை, பதவியும் இல்லை. ஒரு பத்திரிகை ஆசிரியர், அவ்வளவுதான்.

கோர்ன்வாலிஸ் கோட்டையில் பிரிட்டிஷ் கொடி பறந்துகொண்டே இருந்தது. ஓடிப்போனவர்கள் அதை இறக்க மறந்துவிட்டார்கள். கொடி பறந்தால் உள்ளே படை இருக்கிறது என்றுதானே எதிரி நினைப்பான்? மறுபடி குண்டு விழும். சரவணமுத்து போய் அந்தக் கொடியை இறக்கினார். பிறகு வானொலி நிலையத்திலிருந்து, இங்கே பிரிட்டிஷ் படை இல்லை, நகரத்தின் மேல் குண்டு போட வேண்டாம் என்று ஜப்பானியருக்கு அறிவித்தார். எல்லா இன மக்களையும் சேர்த்துப் 'பினாங்கு சேவைக் குழு' அமைந்தது. அவரே தலைவர். கொள்ளையைத் தடுப்பது, ஊரில் ஒழுங்கைத் திரும்பக் கொண்டுவருவது போன்ற வேலைகள் அந்தக் குழுவின் தலையில் விழுந்தன.

கொடியை இறக்கியது கோழைத்தனம் இல்லையா என்று சிலர் கேட்பதுண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. பிரிட்டிஷார் திரும்பி வந்தால் துரோகி என்று பிடிக்கலாம். ஜப்பானியர் வந்தால் வெள்ளைக்காரப் பத்திரிகையின் ஆசிரியர் என்று பிடிக்கலாம். இரண்டு பக்கமும் கத்தி. நடந்ததும் அதுதான், ஜப்பானியர் பின்னர் அவரைச் சிறையில் அடைத்தார்கள். ஒன்றைக் கவனியுங்கள். பிரிட்டிஷார் வானொலி நிலையத்தை உடைக்காமல் விட்டுப் போனார்கள். சரவணமுத்து ஊரைக் காக்கப் பயன்படுத்திய அதே நிலையத்திலிருந்து, ஜப்பானியர் வந்த பிறகு சிங்கப்பூரைக் கேலி செய்து ஒலிபரப்பினார்கள்.

போரின் நடுவில் இன்னொருவரும் இந்த ஊரில் சோதிக்கப்பட்டார். அவர் என். ராகவன், மலபாரிலிருந்து வந்து பினாங்கில் தொழில் செய்த வழக்கறிஞர், மலாயா இந்திய மத்திய சங்கத்தின் தலைவராக இருந்தவர். 1942-இல் பாங்காக் மாநாட்டுக்குப் பிறகு இந்திய சுதந்திரச் சங்கத்தின் செயற்குழுவில் இடம் பெற்றார். தீவில் 'சுயராஜ்ய பயிலகம்' என்ற பள்ளியை நடத்தினார். இந்திய இளைஞர்களுக்கு உளவு, தகவல் தொடர்பு போன்ற பயிற்சி தந்து இந்தியாவுக்கு இரகசியமாக அனுப்புவது நோக்கம். 1942 செப்டம்பரில் ஒரு குழு நீர்மூழ்கிக் கப்பலில் போய் மலபார் கரையில் தானூரில் இறங்கியது. சீக்கிரமே பிடிபட்டார்கள். மலாயாவுக்குப் பிழைக்க வந்த வக்கம் காதர் அவர்களில் ஒருவர். வேறு வழிகளில் போனவர்களும் அகப்பட்டார்கள். சென்னையில் வழக்கு நடந்தது. 1943 செப்டம்பர் 10-ஆம் தேதி காதர், அனந்தன் நாயர், சத்யேந்திர சந்திர பர்தன், ஃபௌஜா சிங் ஆகிய நால்வரும் தூக்கிலிடப்பட்டனர். காதருக்கு வயது 26. முந்தின இரவு தந்தைக்குக் கடிதம் எழுதி வைத்துவிட்டுப் போனார்.

ராகவனைப் பற்றிச் சொல்ல வந்தது வேறு. 1942-இன் பிற்பகுதியில், அவருக்குத் தெரிவிக்காமலே ஜப்பானிய அதிகாரிகள் பயிலகத்து மாணவர்கள் சிலரை நீர்மூழ்கியில் ஏற்றி அனுப்பிவிட்டார்கள். ராகவன் பயிலகத்தையே மூடிவிட்டார். ஜப்பானிய இராணுவம் ஆண்ட ஊரில், கெம்பெய்த்தாய் என்ற பெயரைக் கேட்டாலே சனங்கள் கதவைச் சாத்திய காலத்தில்! அவரை வீட்டுக் காவலில் வைத்தார்கள். இளைஞர்களை அபாயத்துக்கு அனுப்ப அவர் தயங்கியவர் அல்லர், அதற்காகத்தான் பள்ளியே. ஆனால் எந்த நாட்டுக்காக, யார் சொல்லி அவர்கள் சாகிறார்கள் என்ற கேள்வியை அவர் விடவில்லை. இந்தியர் கையில் இருந்த இயக்கம் ஜப்பானியரின் கைக்கருவி ஆகக் கூடாது என்பது அவர் நிலை. அந்த டிசம்பரிலேயே சிங்கப்பூரில் மோகன் சிங்கும் இதே காரணத்துக்காக ஜப்பானியரோடு மோதிக் கைதானார்.

1943 ஏப்ரலில் ஐ-29 என்ற ஜப்பானிய நீர்மூழ்கி நம் பினாங்கிலிருந்துதான் புறப்பட்டு, மடகாஸ்கர் அருகே ஜெர்மானிய நீர்மூழ்கியிலிருந்து நேதாஜியை ஏற்றி வந்தது. சூலையில் சிங்கப்பூரில் அவர் பேசிய பேச்சில் தோட்டப்புறத்துத் தமிழர்கள் ஆயிரக்கணக்கில் எழுந்து வந்தார்கள். பெண்கள் காதிலும் கழுத்திலும் கிடந்ததைக் கழற்றிக் கொடுத்தார்கள். ராகவனும் பின்னர் சுதந்திர இந்திய அரசில் நிதியமைச்சராகச் சேர்ந்தார். நேதாஜியின் சொற்கள் நம் பிள்ளைகளுக்கு மனப்பாடம். ராகவனின் சொல் ஒன்றுகூட எந்தப் பேச்சுப் போட்டியிலும் நான் கேட்டதில்லை.

போருக்குப் பிறகு இருவரும் தூதுவர்கள் ஆனார்கள். சரவணமுத்து இலங்கைக்காகப் பணியாற்றினார். 1970-இல் 'தி சாரா சாகா' என்று ஆங்கிலத்தில் தன் வரலாற்றை எழுதினார். ராகவன் இந்தியாவின் தூதராகப் பீக்கிங் சென்றார். 1954 ஏப்ரல் 29-ஆம் தேதி இந்தியாவும் சீனாவும் செய்துகொண்ட பஞ்சசீல ஒப்பந்தத்தில் இந்தியாவின் சார்பில் கையெழுத்திட்டது பினாங்கில் பள்ளியை மூடிய அதே கைதான்.

அடுத்த முறை கோர்ன்வாலிஸ் கோட்டைக்குப் பிள்ளைகளைக் கூட்டிப் போகிறவர்கள், பீரங்கியின் முன் நிறுத்திப் படம் எடுத்த பிறகு, கொடிக்கம்பத்தையும் காட்டி இந்தக் கதையைச் சொல்லுங்கள்.