கரிசல் நிலமும் வாரிசுப் பட்டாவும்

ஒரு முஸ்லிம் இறந்த அக்கணமே, கடனும் வஸிய்யத்தும் போக எஞ்சிய சொத்து அவருடைய வாரிசுகளுக்கு உரியதாகிவிடுகிறது. அந்நிஸா அத்தியாயம் வகுத்த பங்குகள் எந்த அலுவலகத்தின் கையொப்பத்துக்காகவும் காத்திருப்பதில்லை. ஆனால் விளாத்திகுளம் வட்டத்துப் புதூரைச் சூழ்ந்த கரிசற்காட்டில், மிளகாயும் மல்லியும் பருத்தியும் விளையும் மானாவாரி நிலத்தில் பங்குடைய ஒரு மகள், பட்டாவில் தன் பெயர் ஏறாதவரை பயிர்க் கடனுக்கோ காப்பீட்டுக்கோ எளிதில் விண்ணப்பிக்க முடியாது. உரிமை நொடியில் வருகிறது. பதிவு ஆண்டுக்கணக்கில் வருகிறது. இவ்விடைவெளி குறித்து அரசு அலுவலரை நீதிமன்றத்தில் கேள்வி கேட்கும் உரிமை நம் நாட்டுக் குடியானவனுக்கு மிகத் தாமதமாகவே கிட்டியது.

ஆங்கிலேயர் ஆட்சியில் வருவாய் நிருவாகம் நீதிமன்றத்துக்கு எட்டாத கோட்டையாக இருந்தது. கல்கத்தா உச்ச நீதிமன்றம் கம்பெனியின் வரிவசூலில் தலையிட முயன்றதன் விளைவாக, 1781ஆம் ஆண்டுச் சட்டம் வருவாய் விவகாரங்களை அதன் அதிகாரத்திலிருந்து விலக்கிற்று. அத்தடை 1935ஆம் ஆண்டு இந்திய அரசுச் சட்டத்தின் 226ஆம் பிரிவிலும் நீடித்தது. போதாக்குறைக்கு, பர்லாகிமிடி ஜமீன் குடியானவர்கள் தொடுத்த வழக்கில் 1943இல் இலண்டன் பிரிவி கவுன்சில் ஒரு தீர்ப்பளித்தது. வருவாய் வாரியம் சென்னை நகரில் அமர்ந்திருப்பது ஒன்றே போதாது. நகருக்கு வெளியே வாழும் குடியானவர்களின் குத்தகை விவகாரத்தில் அவ்வாரியத்தின் ஆணையைச் சென்னை உயர் நீதிமன்றம் நீதிப்பேராணையால் தொட இயலாது என்பதே அதன் சாரம். எட்டயபுரம் ஜமீனின் கரிசற்குடிகளும் மாகாணத்தின் இதே நீதி எல்லைக்குள் இருந்தவர்களே.

1950இல் நிலை தலைகீழாயிற்று. அரசியலமைப்பின் 225ஆம் உறுப்பு வருவாய் விவகாரங்களுக்கிருந்த பழைய தடையை நீக்கியது. 226ஆம் உறுப்பு நீதிப்பேராணை அதிகாரத்தை உயர் நீதிமன்றத்தின் ஆட்சி எல்லை முழுவதற்கும் விரித்தது. 1935இல் கதவடைத்த எண்ணே 1950இல் கதவு திறந்தது தற்செயல்தான் எனினும், வரலாற்று மாணவருக்குச் சுவையானது.

ஓராண்டு முன்னரே நம் சமுதாயத்துக்கு முக்கியமான மற்றொரு மாற்றம் நிகழ்ந்திருந்தது. 1937ஆம் ஆண்டு ஷரீஅத் சட்டம் விவசாய நிலத்தை விலக்கி வைத்திருந்ததால், நிலத்தில் பெண்ணுக்குப் பங்கில்லை என்ற உள்ளூர் வழக்கத்தை எடுத்துவைக்க இடமிருந்தது. சென்னை மாகாணத்தின் 1949ஆம் ஆண்டுத் திருத்தம் அவ்விலக்கை அகற்றியது. சட்டத்தில் மகளின் பங்கு உறுதியாயிற்று. பட்டாவில் அண்ணன் தம்பி பெயர் மட்டும் ஏறும் பழக்கம் வேறு கதை.

1983ஆம் ஆண்டுத் தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டம் வட்டாட்சியரிடம் மாற்றம் கோரவும், மேல்முறையீடு செய்யவும் வழி வகுக்கிறது. ஆயினும் பதிவு செய், திருத்து என்று அரசின் மீதோ அலுவலர் மீதோ உரிமையியல் வழக்கிட அதன் 14ஆம் பிரிவு அனுமதிப்பதில்லை. ஆகவே மனு கிடப்பில் கிடந்தால் எஞ்சுவது மாண்டமஸ் எனும் செயலுறுத்தும் நீதிப்பேராணையே. 2004 ஜூலை 24 அன்று மதுரைக் கிளை தொடங்கும்வரை இதற்காகவும் சென்னை செல்ல வேண்டியிருந்தது.

அலுவலரின் அநீதியை விசாரிக்கத் தனி அரங்கு வேண்டும் என்பது நமக்குப் புதிதன்று. 1058இல் மறைந்த அல்மாவர்தீ, குடிகள் மீது அதிகாரிகள் இழைக்கும் கொடுமைகளை விசாரிப்பதை மழாலிம் மன்றத்தின் பணிகளுள் ஒன்றாக வைத்தார். இன்றைய பேராணையின் கை அதைவிடக் குறுகியது. முறையான மனுவும் அதற்கான ஒப்புகையும் இருந்தால், குறித்த வாரங்களுக்குள் பரிசீலித்து முடிவெடு என்றே நீதிமன்றம் பெரும்பாலும் ஆணையிடும். பட்டா கொடு என்று சொல்வது அரிது. பட்டா மாற்றத்தால் உரிமை பிறப்பதுமில்லை, பறிபோவதுமில்லை என்று 1996இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியுள்ளது.

எனவே வாரிசுச் சான்றிலேயே சகோதரியின் பெயர் விடுபட்டிருந்தால் பேராணை உதவாது. அவர் தம் பங்கை மறுப்போர் மீது உரிமையியல் நீதிமன்றத்தில் பாகப்பிரிவினையோ உரிமை விளம்புகையோ கோர வேண்டும். 14ஆம் பிரிவின் விதிவிலக்கு விளம்புகை வழக்குக்கு இடமளிக்கிறது. அத்தீர்ப்பின்படி பட்டாப் பதிவைத் திருத்தியாக வேண்டும் என்றும் அதுவே கூறுகிறது.