கண்டெழுதிய நூல்களும் விதித்தெழுதிய நூல்களும்: குழந்தை மனோதத்துவ நூல்களின் வரலாறு குறித்து ஓர் ஆய்வு

குழந்தையின் மனவளர்ச்சியைப் பற்றி ஏதேனும் படித்தறிய விரும்பும் பெற்றோருக்கும் ஆசிரியருக்கும் இன்று நேரும் இடையூறு நூல்களின் பஞ்சம் அன்று. அவை மலிந்து கிடப்பதும், ஒன்று வற்புறுத்துவதை மற்றொன்று மறுப்பதுமே ஆகும். அழும் குழந்தையை உடனே எடுத்தணைக்க வேண்டும் என்று ஒரு நூல் சொல்லும்; எடுத்தால் கெட்டுவிடும் என்று முந்திய தலைமுறையின் நூல் அதே உறுதியோடு சொல்லியிருக்கும். இவற்றுள் எதைக் கொள்வது, எதைத் தள்ளுவது என்னும் வினாவுக்கு, இந்நூல்கள் தோன்றி வளர்ந்த வரலாற்றையே சான்றாகக் கொண்டு விடை தேடுவது இக்கட்டுரையின் நோக்கம்.

அவ்வரலாற்றை உற்று நோக்கினால் இருவகை நூல்கள் புலப்படும். குழந்தையை நேரில் கவனித்து, கவனித்ததை அன்றன்றே குறித்துவைத்து, அக்குறிப்புகளிலிருந்து கருத்துக்குச் சென்றவை ஒருவகை. பெற்றோர் செய்யத்தக்கது இது, தகாதது இது என்று விதித்தவை மற்றொரு வகை. முன்னவற்றின் சித்தாந்தங்கள் மறுக்கப்பட்ட பின்னும் அவை பயனுடன் படிக்கப்படுகின்றன. பின்னவற்றின் விதிகளோ பெரும்பாலும் ஒரு தலைமுறைக்குமேல் நிற்கவில்லை.

தந்தையரின் குறிப்பேடுகள்

ஜான் லாக் 1693-இல் கல்வியைப் பற்றி எழுதிய நூலும், ரூஸோ 1762-இல் வெளியிட்ட 'எமீல்' என்னும் நூலும் குழந்தையைச் சிந்தனைக்குரிய பொருளாக்கின என்பதில் ஐயமில்லை. ஆயினும், எமீல் கற்பனைச் சிறுவன். அவனைப் படைத்த ரூஸோவோ தம் குழந்தைகள் ஐவரையும் பாரிஸ் நகரத்து அநாதை விடுதியில் சேர்ப்பித்தவர். உண்மையான ஒரு குழந்தையை நாள்தோறும் நோக்கி எழுதும் முறைக்கு வித்திட்டவர்களுள் முதன்மையானவர் ஜெர்மனியின் தத்துவப் பேராசிரியர் டீட்ரிக் டீடெமான். 1781-இல் பிறந்த தம் மகன் பிரீட்ரிக்கின் முதல் இரண்டரை ஆண்டுகளைக் குறித்துவைத்து, அவற்றை 1787-இல் அவர் வெளியிட்டார். அம்மகன் பிற்காலத்தில் உடற்கூற்றியல் அறிஞராகப் புகழ்பெற்றான். தந்தையின் கட்டுரையோ நெடுங்காலம் கவனிப்பாரின்றிக் கிடந்தது.

அதன் பின் இம்முறைக்குப் பெருமதிப்புத் தேடித் தந்தவர் சார்லஸ் டார்வின். 1839 டிசம்பரில் பிறந்த தம் தலைமகன் வில்லியத்தைப் பற்றி அவர் எழுதிவைத்த குறிப்புகள் ஏறத்தாழ 37 ஆண்டுகள் அச்சேறவில்லை. பிரெஞ்சு அறிஞர் ஹிப்போலித் தெய்ன் தம் மகள் மொழி கற்ற விதத்தை விவரித்த கட்டுரை, 'மைண்ட்' என்னும் ஆங்கில சஞ்சிகையில் 1877-இல் மொழிபெயர்க்கப்பட்டு வந்ததைக் கண்ட பின்பே, டார்வின் தம் பழைய ஏட்டைப் புரட்டி, அதே ஆண்டு அதே சஞ்சிகையில் பத்துப் பக்கக் கட்டுரை ஒன்றை வெளியிட்டார். ஏழாம் நாளில் குழந்தையின் உள்ளங்காலைக் காகிதத்தால் தொட்டதும் அது காலை வெடுக்கென இழுத்துக்கொண்டு விரல்களைச் சுருக்கியது. ஒன்பதாம் நாளில் மெழுகுவர்த்திச் சுடரில் பார்வை நிலைத்தது. நாலரை மாதத்தில் கண்ணாடியில் தோன்றிய தந்தையின் உருவைக் கண்டு சிரித்த குழந்தை, அவர் குரல் தன் முதுகுப்புறமிருந்து வந்தபோது வியப்புற்றது. ஓராண்டு நிறைந்தபோது உணவுக்கு 'மம்' என்று தானே ஒரு சொல்லை ஆக்கிக்கொண்டது. இச்செய்திகளில் உபதேசம் ஒன்றுமில்லை. கண்டதும் கண்ட நாளுமே உள்ளன. அதனாலேயே அக்கட்டுரை இன்றும் பழையதாகவில்லை.

குறிப்பேடு சாஸ்திரமானது

தந்தையரின் இவ்விருப்பத்தை ஒழுங்கான ஆராய்ச்சி முறையாக உயர்த்தியவர், யேனா சர்வகலாசாலையில் உடலியல் பேராசிரியராயிருந்த வில்ஹெல்ம் பிரயர். 1882-இல் வெளிவந்த 'குழந்தையின் மனம்' என்னும் அவருடைய நூல் புலன், சங்கற்பம், அறிவு என மூன்று பகுதிகளை உடையது. தம் மகனை முதல் மூன்றாண்டுகளிலும் நாளொன்றுக்கு மூன்று முறையேனும் கவனிப்பது, கண்டதை அப்போதே எழுதுவது, குழந்தை அறியாதவாறு கவனிப்பது, எதையும் கற்பித்து அதன் இயல்பான போக்கை மாற்றாதிருப்பது என்று அவர் தமக்கே நியமங்கள் வகுத்துக்கொண்டார். விதி என்பது இங்கே குழந்தைக்கும் தாய்க்கும் விதிக்கப்படாமல், ஆராய்பவனுக்கே விதிக்கப்பட்டது என்பது கருதத்தக்கது.

கலிபோர்னியாவில் மிலிசன்ட் ஷின் என்னும் பெண்மணி தம் சகோதரரின் மகள் ரூத்தின் வளர்ச்சியைக் கவனித்து எழுதி, 1898-இல் பெர்க்லி சர்வகலாசாலையின் டாக்டர் பட்டத்தைப் பெற்ற முதற்பெண் ஆனார். 1900-இல் அவர் வெளியிட்ட 'ஒரு சிசுவின் சரித்திரம்' பொதுமக்களும் சுவைத்துப் படிக்கத்தக்க நடையில் அமைந்தது. ஜெர்மனியில் கிளாரா ஸ்டெர்னும் அவர் கணவர் வில்லியம் ஸ்டெர்னும் தம் மூன்று மக்களைப் பற்றி 1900 முதல் 1918 வரை குறிப்பேடுகள் எழுதிவந்து, குழந்தை மொழியைப் பற்றிய நூலை 1907-இல் இருவர் பெயராலும் வெளியிட்டனர். வீட்டில் குழந்தையோடு பெரும்பொழுது கழிப்பவள் தாயாயிருக்க, சாஸ்திரத்தில் தந்தையின் பெயர் மட்டுமே விளங்கிவந்த நிலை இந்நூலால் ஓரளவு மாறியது.

இம்முறைக்கு ஆட்சேபங்கள் இல்லாமல் இல்லை. கவனிக்கப்பட்டது ஒரே குழந்தை. அதுவும் கல்வியும் செல்வமும் வாய்ந்த இல்லத்துக் குழந்தை. கவனித்தவரோ அதன்மேல் பாசம் மிக்கவர். ஆதலால் பல குழந்தைகளை ஒருங்கே ஆராய வேண்டும் என்ற எண்ணம் வலுத்தது. அமெரிக்கரான ஸ்டான்லி ஹால், பாஸ்டன் நகரில் பள்ளியிற் சேரும் சிறார்க்கு எவையெவை தெரியும் என்று வினவித் தொகுத்து, 1883-இல் ஒரு கட்டுரை வெளியிட்டார். அந்நகரத்துச் சிறாருள் பெரும்பாலோர் தேன்கூட்டைக் கண்டறியாதவர் என்பது அதனால் தெரியவந்தது. யேல் சர்வகலாசாலையில் ஆர்னால்ட் கெஸல் பல குழந்தைகளைச் சலனப் படமெடுத்து, எந்த மாதத்தில் தலை நிமிர்த்தும், எந்த மாதத்தில் தவழும் என்று அளவுகோல்கள் வகுத்தார். இவை குறிப்பேட்டின் குறுகிய எல்லையை விரித்தன என்பது மெய். ஆனால், சராசரியைக் காட்டும் அளவுகோலைப் பெற்றோர் கட்டளையாகக் கொண்டு கலங்கவும் இவையே இடந்தந்தன.

விதிநூல்களின் எழுச்சியும் வீழ்ச்சியும்

இதே காலத்தில் மற்றொரு மரபும் தழைத்துவந்தது. குழந்தைகளுக்கான மருத்துவத்தில் புகழ்பெற்ற எம்மெட் ஹோல்ட் 1894-இல் வினாவிடை வடிவில் எழுதிய பராமரிப்பு நூல், ஆறு மாதத்துக்குட்பட்ட சிசுவோடு விளையாடவே கூடாது என்று கூறியது. நியூஸிலாந்தின் ட்ரூபி கிங், பாலூட்டுவதற்குக் கடிகாரத்தையே பிரமாணமாக்கினார். இப்போக்கின் உச்சியாக, நடத்தைவாதத்தின் மூலவரான ஜான் வாட்சன் 1928-இல் வெளியிட்ட நூலில், குழந்தைகளைக் கட்டியணைக்கவோ மடியில் இருத்தவோ கூடாது, தவிர்க்க இயலாவிடில் உறங்கச் செல்லும்போது நெற்றியில் ஒரு முத்தமும் காலையில் கைகுலுக்கலும் போதும் என்று தாய்மாருக்கு அறிவுறுத்தினார். தமக்குப் போதிய அறிவு இல்லாத நிலையில் அந்நூலை எழுதிவிட்டதாக வாட்சனே 1936-இல் வெளியிட்ட சுயசரிதக் குறிப்பில் வருத்தம் தெரிவித்தார். அதற்குள் அவ்விதியின்படி ஆயிரக்கணக்கான குழந்தைகள் வளர்க்கப்பட்டுவிட்டனர்.

1946-இல் 25 சென்ட் விலையில் வெளிவந்த பெஞ்சமின் ஸ்பாக்கின் நூல், தாய்தந்தையர் தம் உள்ளுணர்வை நம்பலாம் என்று தொடங்கி, முன்னோரின் கடுமையைத் தகர்த்தது. அதன் கருணை மறுக்கவொண்ணாதது. எனினும், வாந்தி எடுத்தால் மூச்சடைக்கும் என்ற காரணங்காட்டி, குழந்தையைக் குப்புறப் படுக்கவைக்குமாறு அதன் 1950-களின் பிற்பகுதிப் பதிப்பு கூறிய யோசனை, தொட்டிலில் நேரும் திடீர் மரணத்துக்கு ஏதுவாகும் என்பது பிற்கால ஆராய்ச்சிகளால் தெளிவாயிற்று; 1990-களில் பல நாடுகள் மல்லாந்து படுக்கவைக்கும்படி இயக்கம் நடத்த நேர்ந்தது. கொடிய உள்ளத்தோடு விதித்தவரும் கனிந்த உள்ளத்தோடு விதித்தவரும் பிழைபட்ட இடம் ஒன்றே: காரணம் இருந்தது, கண்டறிந்த சான்று இல்லை.

பியாஜே, ஐசக்ஸ், வைகாட்ஸ்கி

இருபதாம் நூற்றாண்டின் முற்பாதியில் குறிப்பேட்டு மரபு மீண்டும் உயிர்த்தது. மெல்லுடலிகளை ஆராய்ந்த விலங்கியலாளரான ஸ்விட்ஸர்லாந்தின் ழான் பியாஜே, பாரிஸில் பள்ளிச் சிறாருக்கான நுண்ணறிவுச் சோதனைகளைச் சீர்செய்யும் பணியிலிருந்தபோது, சரியான விடைகளைக் காட்டிலும் பிழையான விடைகளில் ஓர் ஒழுங்கிருப்பதைக் கண்டார். பின்னர் ஜெனீவாவில் ஆறு வயதுச் சிறுவர் இருவரின் பேச்சை ஏறத்தாழ ஒரு மாதம் பதிவுசெய்து, அதனை அடிப்படையாகக் கொண்டு 1923-இல் மொழியையும் சிந்தனையையும் பற்றிய நூலை வெளியிட்டார். அவருடைய உயர்ந்த நூல்களோ, தம் மக்கள் மூவரை அவரும் மனைவி வாலன்டைனும் கவனித்ததிலிருந்து 1936, 1937, 1945 ஆகிய ஆண்டுகளில் பிறந்தவை. ஒரு வயதும் நான்கு மாதமும் ஆன மகள் லூசியன், தீப்பெட்டிக்குள் இட்ட சங்கிலியை எடுக்க முயன்று, திறப்பு போதாதென்று கண்டு, சற்றே நின்று, தன் வாயைச் சிறிதாகவும் பின்னும் பெரிதாகவும் பலமுறை திறந்து பார்த்து, அதன்பின் விரலை நுழைத்துப் பெட்டியை அகலத் திறந்தாள். மொழியில்லாச் சிந்தனை உடலசைவில் நிகழும் கணத்தை இதனினும் நுட்பமாகப் பதிவுசெய்த ஏடு அரிது.

பியாஜேயின் முடிபுகளை முதலில் வலுவாக எதிர்த்தவர்களும் கண்டெழுதியவர்களே. 1924 முதல் 1927 வரை கேம்பிரிட்ஜில் மால்ட்டிங் ஹவுஸ் பள்ளியை நடத்திய சூசன் ஐசக்ஸ், 1930-இலும் 1933-இலும் வெளியிட்ட இரு நூல்களில், சிறாரின் சொற்களையும் செயல்களையும் நாள்வாரியாகத் தொகுத்தளித்தார். பள்ளியில் வளர்த்த முயல் இறந்துபோக, நீரிலிட்டால் பிழைக்கும் என்று ஒரு சிறுவன் கூறினான். நீரோட்டத்தில் அதன் உடல் சுழன்றதைக் கண்டு அது உயிரோடிருப்பதாகச் சிலர் எண்ணினர். ஐசக்ஸ் ஒரு குச்சியை அதே நீரில் இட, அதுவும் சுழல, குச்சிக்கு உயிரில்லை என்று ஒப்பினார்கள். அசையும் பொருளுக்கெல்லாம் உயிருண்டெனக் குழந்தை எண்ணும் என்று பியாஜே கண்டது மெய்யே. தக்க சான்று கண்முன் வந்தால் அவ்வயதிலேயே அதனை உணரவும் வல்லது என்று ஐசக்ஸ் கண்டதும் மெய்யே.

ரஷ்யாவின் லெவ் வைகாட்ஸ்கி, குழந்தை தனக்குத்தானே பேசிக்கொள்வது பிறர் நோக்கை உணராமையின் அடையாளம் என்ற பியாஜேயின் கருத்தைச் சோதிக்க, படம் வரையும் குழந்தைக்கு இடையூறுகளை உண்டாக்கினார். அப்போது அப்பேச்சு ஏறத்தாழ இருமடங்கானது. அது சிந்தனைக்குக் கருவியாகிப் பின்னர் உள்ளடங்கும் என்று அவர் முடிவுசெய்தார். 1934-இல், 37-ஆம் வயதில், காசநோயால் அவர் மறைந்தார். அதே ஆண்டு வெளிவந்த 'சிந்தனையும் பேச்சும்' சில ஆண்டுகளில் அரசின் தடைக்கு உள்ளாகி, 1956-இல் மீண்டும் அச்சேறி, 1962-இல் ஆங்கிலத்தில் வந்தது.

அடையாறும் உகாண்டாவும்

இவ்வரலாற்றில் நம் நாட்டுக்கும் ஒரு பங்குண்டு. பிரம்மஞான சபையின் அழைப்பின்பேரில் 1939-இல் சென்னை அடையாற்றுக்கு வந்த இத்தாலியக் கல்வியாளர் மரியா மாண்டிசோரி, மறுஆண்டு இத்தாலி யுத்தத்தில் இறங்கியதால் தாயகம் திரும்ப இயலாமல், யுத்த காலத்தில் ஒரு பகுதியைக் கொடைக்கானலில் கழித்தார். முதல் ஆறாண்டுகளின் மனவளர்ச்சியைப் பற்றிய அவருடைய சொற்பொழிவுகளின் நூல் வடிவம் 1949-இல் அடையாற்றிலேயே முதன்முதலில் பிரசுரமாயிற்று.

ஆங்கில மனமருத்துவர் ஜான் பௌல்பி 1951-இல் உலக சுகாதார நிறுவனத்துக்கு அளித்த அறிக்கை, தாயைப் பிரிந்த குழந்தை படும் துயரை உலகறியச் செய்தது. ஆனால், தாய் ஒருகணமும் அகலலாகாது என்னும் விதியாக அதனைப் பலர் திரித்துக்கொண்டனர். அந்நிறுவனமே 1962-இல் அதன் மறுபரிசீலனையை வெளியிட்டது. 1972-இல் மைக்கேல் ரட்டர் அதனை விரிவாகச் சீர்தூக்கினார். இதற்கிடையில் மேரி எய்ன்ஸ்வொர்த், உகாண்டாவில் கம்பாலாவை அடுத்த கிராமங்களில் 28 குழந்தைகளை அவரவர் இல்லங்களிலேயே பல மாதம் கவனித்து, 1967-இல் நூலாக்கினார். தாய்க்கும் சேய்க்கும் இடையிலான பிணைப்பைப் பற்றிய பௌல்பியின் கொள்கை பிற்காலத்தில் உறுதிபெற்றதற்கு இத்தகைய உழைப்பே காரணம்.

முடிவுரை

இத்துறையில் புகுவோர்க்கு ஒரு வரிசை கூறலாம். முதலில் டார்வினின் பத்துப் பக்கங்கள். அடுத்து ஐசக்ஸின் 1930-ஆம் ஆண்டு நூல். அதன்பின் பியாஜேயை வைகாட்ஸ்கியோடு சேர்த்தும், பௌல்பியை ரட்டரோடு சேர்த்தும் படிப்பது நன்று. ஏனெனில், இவர்களுள் எவரையும் மறுப்போடு சேர்த்துப் படிக்காதவர் அரைகுறையாகவே அறிவர். உபதேச நூல் ஒன்று கைக்கு வருமாயின், இதன் ஆசிரியர் எத்தனை குழந்தைகளை, எங்கே, எவ்வளவு காலம் கவனித்தார் என்ற மூன்று வினாக்களை அதனிடம் கேட்பது வாசகரின் கடமை. அவற்றுக்கு அந்நூலில் விடை கிடைக்காவிடில், அதன் யோசனை எவ்வளவு இனிமையாகச் சொல்லப்பட்டிருப்பினும், அதன்படி குழந்தையை வளர்க்கத் துணியலாகாது.