வாக்கியக் கணிதமும் பாபிலோனியர் வகுத்த வழியும்

நெடுந்தீவிலும் நயினாதீவிலும் ஊர்காவற்றுறையிலும் வாழும் மக்களுக்குத் திதி என்பது வெறும் ஏட்டுச் செய்தியன்று. நயினை நாகபூஷணி அம்மனின் ஆனித் திருவிழாவும், ஆடி அமாவாசையிற் பிதிர்க்கடன் கழிக்கும் நீராட்டும் அதனைப் பற்றியே நிகழ்வன. வேலணைக்கு எதிர்க்கரையிலுள்ள அராலியில் இராமலிங்க முனிவர் 1667ஆம் ஆண்டிற் பஞ்சாங்கம் கணித்தார் என்று யாழ்ப்பாணத்து மரபு கூறும். அம்மரபிற்குரிய வாக்கியக் கணிதத்தின் வேரைத் தேடுவோர் யூப்பிரத்தீசு நதிக்கரை வரை செல்ல நேரும்.

ஏறத்தாழக் கி.மு. 1800க்கும் 1600க்கும் இடையில் எழுதப்பட்ட பாபிலோனியக் களிமண் ஏடுகள் பல, கணக்கைத் தீர்க்கும் வழியைப் படிப்படியாகக் கூறுகின்றன. எதைப் பாதியாக்குவது, எதனோடு பெருக்குவது, எதன் மூலங் காண்பது என்பன வரிசையாக வரும். காரணம் பெரும்பாலும் கூறப்படுவதில்லை. படிகளைப் பிழையின்றிச் செய்தவன் விடையை அடைவான். இத்தகைய செய்கை வரிசையையே இக்காலத்தார் அல்கோரிதம் என்பர்.

கிறித்துவுக்கு முந்திய கடைசி நூற்றாண்டுகளில் அந்நாட்டார் இம்முறையை வானத்திற்கும் பயன்படுத்தினர். சந்திரனின் ஒரு நாட்செலவு 11 பாகை 6 கலை 35 விகலையிலிருந்து நாள்தோறும் 18 கலை கூடி, 15 பாகை 14 கலை 35 விகலையைத் தொட்டதும் அவ்வாறே குறையும் என்பது அவர்கள் வகுத்த விதிகளுள் ஒன்று. இவ்வேற்றத்தாழ்வு 248 நாளில் ஒன்பது முறை முற்றுப்பெறும்.

248 என்னும் இவ்வெண்ணே வாக்கியக் கணிதத்தின் உயிர்நிலை. எகிப்தில் கிடைத்த கி.பி. 3ஆம் நூற்றாண்டுக் கிரேக்கப் பப்பிரசு ஏடொன்றில் அதுவும் 3,031 என்னும் எண்ணும் காணப்படுகின்றன. 6ஆம் நூற்றாண்டில் வராகமிகிரர் தொகுத்த பஞ்சசித்தாந்திகையிலும் அவ்விரண்டும் உள்ளன. வாக்கிய நூலார் 248ஐத் ‘தேவர’ என்று குறித்தனர். தகரவருக்கத்து ‘தே’ 8, ‘வ’ 4, ‘ர’ 2. வலமிருந்து படிக்க 248 ஆகும்.

செய்கை எளிது. கலியுகத் தொடக்கம் முதல் சென்ற நாட்டொகையில் 16,00,984ஐக் கழித்து, மீதியை 12,372ஆலும், அதன் மீதியை 3,031ஆலும், அதன் மீதியை 248ஆலும் வகுக்க வேண்டும். முதற்கழிவின் மீதி 10,000 என்று கொள்க. அதில் 12,372 அடங்காது. 3,031 மும்முறை போக 907. அதில் 248 மும்முறை போக 163. ஆகவே 163ஆம் வாக்கியத்தின் எண்ணை, நீக்கிய சுற்றுக்களுக்குரிய துருவங்களோடு கூட்டச் சந்திரனின் இடம் பெறப்படும். சுற்றின் அளவு ஒன்றாயினும், 248 வாக்கியங்களிலும் பொதிந்த எண்கள் பாபிலோனியரின் ஏற்றவிறக்க விதியாற் பெறப்பட்டவையல்ல. பாரத நாட்டுச் சித்தாந்த கணிதத்தின் விளைவுகளாம்.

1825இல் வெளிவந்த ‘கால சங்கலித’த்தில், யோன் வாரன் என்பார் புதுச்சேரிப் பஞ்சாங்கக் கணிதர் ஒருவரைப் பற்றி எழுதினார். அவர் ஏடு பாராது, மனப்பாடமான வாக்கியங்களைக் கொண்டு, சோழிகளைத் தரையில் வைத்துச் சந்திர கிரகணம் கணித்தவர். அவ்வாண்டு மே 31 - யூன் 1 கிரகணத்தில் அவர் கணக்குத் தொடக்கத்தில் 4 நிமிடமும் நடுவில் 23 நிமிடமும் முடிவில் 52 நிமிடமும் பிழைத்தது. பொறியின்றிக் கணித்தது வியப்பே, பிழைத்ததும் உண்மையே.

1829 மார்ச்சு மாதச் சந்திர கிரகணத்தைக் குறித்து, விசுவநாத சாஸ்திரியாரின் கணிப்பும் வட்டுக்கோட்டைச் செமினரித் தலைவர் தானியல் பூவரின் கணிப்பும் மாறுபட்டன. வானம் பின்னவர் பக்கமே சான்று கூறியது. சமய வாதத்திற்கும் இது கருவியாயிற்று. எனினும் அன்று தோற்றது படிமுறையன்று. நெடுங்காலம் வானோடு ஒப்பிடப்படாத எண்களே.

எண்களைத் திருத்துதல் வாக்கிய மரபுக்குப் புறம்பானதுமன்று. 14ஆம் நூற்றாண்டிற் கேரளத்து மாதவர் சந்திர வாக்கியங்களை விகலை வரை நுட்பமாக்கினார். பரமேசுவரர் பல்லாண்டு கிரகணங்களை நேரிற் கண்டு 1431இல் ‘திருக்கணிதம்’ இயற்றினார். யாழ்ப்பாணத்தில் இன்றும் வாக்கியம், திருக்கணிதம் என்னும் இருவகைப் பஞ்சாங்கங்களும் வழங்குகின்றன. இவற்றுள் எது உயர்ந்தது என்னும் வழக்கினும், இரண்டையும் வானத்தோடு ஒப்பிடும் பயிற்சியே பயனுடையது. பாபிலோனில் தோன்றிய எண் தமிழர் நாவில் நிலைத்ததனால் எவருக்கும் இழுக்கில்லை. கற்ற வழியைச் சோதியாது ஓதுவதே இழுக்காகும்.