எஷு சாத்தானான கதை: ஒரு மொழிபெயர்ப்பின் அரசியல்

1

யொரூபா மொழி பைபிளில் மத்தேயு நான்காம் அதிகாரத்தைப் புரட்டினால், வனாந்தரத்தில் இயேசுவைச் சோதிக்க வருகிறவன் பெயர் எஷு. இது கிரேக்கத்திலிருந்தோ எபிரேயத்திலிருந்தோ கடன் வாங்கிய சொல் கிடையாது. தென்மேற்கு நைஜீரியாவில், நாற்சந்தியிலும் சந்தையிலும் வீட்டு வாசலிலும் செம்பூரான் கல்லாக நின்று பனை எண்ணெய் வாங்கிக்கொண்டிருந்த ஒரு தெய்வத்தின் சொந்தப் பெயர். உயிரோடிருக்கிற ஒரு சாமியின் பெயரைப் பிடுங்கி, இன்னொரு மதத்தின் பரம எதிரிக்குச் சூட்டியிருக்கிறார்கள். இதை வெறும் மொழிபெயர்ப்புக் கோளாறு என்று தள்ளிவிட முடியுமா?

எஷு யார்? தெய்வங்களுக்கும் மனிதர்களுக்கும் நடுவே ஓடுகிற தூதன். எந்தத் தெய்வத்துக்குப் படையல் போட்டாலும் முதல் பங்கு அவனுக்கு. கொடுக்காவிட்டால் படையல் போய்ச் சேராது. இஃபா குறி சொல்கிறவரின் மரத்தட்டில், குறிசொல்லியைப் பார்த்தபடி விளிம்பில் செதுக்கியிருப்பது அவன் முகம். யொரூபா பிரபஞ்சத்தில் வலப்பக்கம் 401 சக்திகள் என்றும், இடப்பக்கம் சாவு, நோய், இழப்பு போன்ற கேடு செய்கிற 201 சக்திகள் என்றும் ஒரு கணக்கு உண்டு. எஷு இரண்டு பக்கத்திலும் புழங்குகிறவன்.

அவனைப் பற்றிப் பல வடிவங்களில் வழங்கும் கதை ஒன்று. இணைபிரியாத இரண்டு நண்பர்கள். பக்கத்துப் பக்கத்து வயல். வரப்பில் எஷு நடந்து போகிறான். தலையில் தொப்பி, ஒரு பக்கம் கறுப்பு, மறுபக்கம் வெள்ளை. "கறுத்த தொப்பிக்காரன் போனானே" என்கிறான் ஒருத்தன். "வெள்ளைத் தொப்பிடா, கண்ணு தெரியலையா" என்கிறான் மற்றவன். பேச்சு முற்றி அடிதடி. வழக்கு நடக்கும்போது எஷு வந்து தொப்பியைத் திருப்பிக் காட்டுகிறான். ரெண்டு பேரும் சொன்னது நிஜம், ரெண்டு பேரும் கண்டது பாதி. சில வடிவங்களில், நட்புக்குச் சத்தியம் செய்தபோது எஷுவுக்குக் கொடுக்க மறந்தார்கள் என்பது காரணமாக வரும்.

மேலோட்டமாகப் பார்த்தால் இது சும்மா கலகமூட்டுகிற வேலை. 'குழப்பத்தின் கடவுள்' என்று அகராதிகளும், அவற்றிலிருந்து சரக்கெடுத்து மாயாஜாலக் கற்பனை உலகங்களைச் செய்கிற நாவல்களும் விளையாட்டுகளும் முத்திரை குத்துவது இதை வைத்துத்தான். ஆனால் கதை கேட்பது வேறு: பேசாமல் விட்ட பிளவு ஒன்று நட்புக்குள் முன்னமே இல்லாவிட்டால் ஒரு தொப்பி அதை உடைத்திருக்குமா? எஷு குழப்பத்தை உண்டாக்குவதைவிட, ஒழுங்கு என்று நம்பியிருந்தது எவ்வளவு அரைகுறை என்று காட்டுகிறான். கொடுக்க வேண்டியதைக் கொடுக்காதவனை விடமாட்டான். அந்த வகையில் அவன் விதியின் காவல்காரனும்கூட.

2

இந்தப் பெயர் மாற்றத்தின் மையத்தில் நிற்பவர் ஒரு வெள்ளைக்காரர் அல்ல. சாமுவேல் அஜாயி க்ரௌதர் யொரூபாக்காரர். 1821இல் அவருடைய ஊரைச் சூறையாடிப் பிடித்துக்கொண்டு போனார்கள். கை மாறி மாறி விற்கப்பட்டு, கடைசியில் போர்த்துக்கீசிய அடிமைக் கப்பலில் ஏற்றப்பட்டார். 1822இல் பிரிட்டிஷ் கடற்படை அந்தக் கப்பலை மறித்து அவரைச் சியரா லியோனில் இறக்கியது. 1825இல் ஞானஸ்நானம். 1843இல் குருப்பட்டம், அதே ஆண்டில் அவருடைய யொரூபா சொற்களஞ்சியம் வெளிவந்தது. 1864இல் ஆங்கிலிக்கன் சபையின் முதல் ஆப்பிரிக்க பிஷப். யொரூபா பைபிள் மொழிபெயர்ப்பில் முதன்மைப் பங்கு அவருடையது.

வேறு வழியே இல்லாமல் எஷுவைப் பிடித்தார்கள் என்று சொல்ல முடியாது. அதே பைபிளில் 'சாத்தானி' என்ற ஒலிபெயர்ப்பும் இருக்கிறது. கடன் சொல் கையில் இருந்தது, அதோடு நின்றிருக்கலாம். ஆனால் பரலோகக் கடவுளுக்கு 'ஒலொருன்' என்ற உள்ளூர்ப் பெயரை எடுத்தாகிவிட்டது. கடவுள் உள்ளூர்க்காரர் என்றால் எதிரியும் உள்ளூர்க்காரனாக இருந்தால்தானே மதமாற்றத்துக்கு வசதி? மனமாற்றம் என்பது எதையோ விட்டுவிட்டு வருவது. விட வேண்டியதற்கு ஒரு முகம் தேவை. இருமை எதிர்வுக்குள் அடங்காத ஒருவனை எதிர்வின் ஒரு முனையில் ஆணியடித்தது இந்தச் சொல்லாடல். இடையில் நிற்பதற்கு இடமே இல்லாமல் போயிற்று. யொரூபா முஸ்லிம்களும் ஷைத்தானுக்கு எஷு என்றே சொல்லலானார்கள்.

நம் பக்கமும் இந்தக் காரியம் நடந்தது. 1849இல் கால்டுவெல் திருநெல்வேலி நாட்டார் வழிபாட்டைப் பேய் வழிபாடு என்று எழுதினார். ஆனால் தமிழ் பைபிள் 'பிசாசு', 'சாத்தான்' என்று போனது. மாடன் என்றோ இசக்கி என்றோ போட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசித்தால் யொரூபாக்காரர் இழந்தது புரியும்.

க்ரௌதரைத் துரோகி என்று ஏசிவிட்டுப் போவது சுலபம். ஆனால் அவரும் நாற்சந்தியில் நின்றவர். அடிமைச் சந்தையிலிருந்து மீட்ட அதே பேரரசின் மதத்தைத் தன் தாய்மொழிக்குள் கொண்டுவந்தவர். அந்த மொழிக்கு எழுத்தும் அகராதியும் இலக்கணமும் செய்தவர். முதுமையில் இளம் வெள்ளை மிஷனரிகள் அவருடைய நைஜர் மிஷனைக் குற்றம்சாட்டிக் கலைத்தார்கள். 1890இல் அவர் விலக நேர்ந்தது, 1891இல் இறந்தார். அடுத்து வந்த பிஷப் வெள்ளைக்காரர். அதிகாரம் தன் மொழிபெயர்ப்பாளனை எவ்வளவு நேரம் உட்கார வைக்கும் என்பதற்கு இது சாட்சி.

3

அதே நூற்றாண்டில் அட்லாண்டிக்கின் மறுகரையில் வேறொரு மொழிபெயர்ப்பு நடந்துகொண்டிருந்தது. அதைச் செய்தவர்கள் அடிமைகள். கியூபாவில் அவன் எலெகுவா, அத்தோச்சாவின் குழந்தை இயேசுவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்ட குறும்புப் பிள்ளை. சோழிக் கண்ணுள்ள சிமென்ட் தலையாகக் கதவுக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பான். ஹைத்தியில் அவனுடைய உறவுக்காரன் லெக்பா, கதவு திறக்கிற கிழவன். சாவி வைத்திருக்கிற பேதுருவின் படம் அவனுக்குப் பொருந்திப்போனது. யார் மொழிபெயர்க்கிறார்கள், எந்தத் தேவைக்காக என்பதுதான் வித்தியாசம். ஒடுக்கப்பட்டவர்கள் செய்தபோது தெய்வம் முகமூடி போட்டுக்கொண்டு பிழைத்தது.

பிரேசிலில் கதை சிக்கலானது. அங்கே எஷுவுக்குக் கொம்பும் சூலமும் வந்தன. உம்பாண்டா வழிபாட்டில் மக்கள் அந்தப் பிசாசு உருவத்தையே எடுத்து, சிரிக்கிற, சுருட்டுப் பிடிக்கிற தெருக்காரனாக்கிக்கொண்டார்கள். வசையைச் சூடிக்கொள்வதும் ஒரு கலகம்தான். ஆனால் அதற்கு விலை உண்டு. 1977இல் ரியோவில் தொடங்கிய பெந்தகொஸ்தே வகைச் சபை ஒன்று எஷு ஓட்டுவதையே மேடை நிகழ்ச்சியாக்கிப் பெருகியது. 1999இல் அந்தச் சபையின் பத்திரிகை, சால்வடோரைச் சேர்ந்த கந்தோம்பிளே பூசாரியான மாய் ஜில்டாவின் படத்தைப் போட்டு ஏமாற்றுக்காரி என்று எழுதியது. 2000 ஜனவரி 21இல் அவர் இறந்தார். 2007இல் இயற்றிய சட்டம் அந்த நாளை மத சகிப்பின்மைக்கு எதிரான தேசிய தினமாக்கியது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆப்பிரிக்கத் தெய்வங்கள்மேல் ஒட்டப்பட்ட 'சாத்தான்' என்ற சீட்டு மனிதர்கள்மேல் கல்லாக விழுவது இப்படித்தான்.

4

எதிர்த்திசையிலிருந்தும் ஒரு மொழிபெயர்ப்பு வந்தது. ஹென்றி லூயி கேட்ஸ் 1988இல் வெளியிட்ட நூலில் எஷுவை வியாக்கியானத்தின் தெய்வமாக, அர்த்தம் ஒன்றில் நிலைக்காமையின் உருவமாக வாசித்தார். கிரேக்க ஹெர்மீஸிலிருந்து மட்டுமே வாசிப்புக் கோட்பாடு பிறந்தது என்ற ஐரோப்பியப் பெருமிதத்துக்கு அது நல்ல அடி. கறுப்பு இலக்கியத்துக்கு ஒரு மூதாதையையும் கொடுத்தது.

இருந்தாலும் கொஞ்சம் நிதானிக்க வேண்டும். கட்டுடைப்பின் சின்னமாக மட்டும் ஆகிவிட்டால் எஷு பனை எண்ணெயை இழந்துவிடுவான். அவனுக்கு ஆகாத பண்டம் உண்டு: பனங்கொட்டை எண்ணெய். வாங்கிக்கொள்ளும் முறை உண்டு, கடன்பட்டவனிடம் கறாரும் உண்டு. அர்த்தம் வழுக்கிக்கொண்டே போகும் என்று பல்கலைக்கழகத்தில் கொண்டாடுவதற்கும், வாசலில் அவனை வைத்ததற்காக அடி வாங்குவதற்கும் இடையில் ஒரு கடல் கிடக்கிறது.

2022 ரியோ கார்னிவலில் கிராண்ட் ரியோ சம்பா பள்ளி எஷுவையே பொருளாக எடுத்து ஊர்வலம் நடத்தி, தன் முதல் பட்டத்தை வென்றது. எஷு சாத்தான் இல்லை என்று நைஜீரியாவிலும் புலம்பெயர்ந்தோர் மத்தியிலும் யொரூபா சமயத்தார் பிரச்சாரம் செய்கிறார்கள். அதே சமயம் கோடிக்கணக்கான யொரூபா கிறிஸ்தவர்களுக்கு அந்தச் சொல் பிசாசையே குறிக்கிறது. அவர்களுக்கு அது தாய்மொழி, காலனிச் சொல் இல்லை. ஆகவே இந்த வழக்கு அகராதியில் ஒரு வரியைத் திருத்துவதால் தீராது. இது எந்தத் தெய்வம் உண்மை என்ற சண்டையும் இல்லை. ஒரு மக்கள் தங்கள் தெய்வத்தின் பெயரைத் தங்கள் தெருவில் பயமில்லாமல் சொல்ல முடிகிறதா என்கிற கேள்வி.